பிரேம்நாத் வீட்டில் சொல்லாத வரி

வெள்ளிக்கிழமை சாயங்காலம் ஐந்து மணிக்குக் கரெண்ட் வந்தது. தெருவிலிருந்த ஆறு மாடிக் கட்டடங்கள் அத்தனையிலிருந்தும் “மீ லாபீ” என்று குரல் எழுந்தது. வந்த கரெண்டை வாய்விட்டு வரவேற்காமல் யாங்கூனில் யாராலும் இருக்க முடியாது. பிரேம்நாத்தும் நான்காம் மாடி பால்கனியில் நின்று ஒரு முறை சொல்லிவிட்டு உள்ளே வந்தார். ஒன்பது மணிக்கு மறுபடி போய்விடும். அதற்குள் பாடத்தை முடித்தாக வேண்டும்.

“உக்காரு மா. ஃபோனை எடுத்து வை.”

மகள் பவானி ஃபோனை பிஸ்கட் டப்பாவில் சாய்த்து வைத்து ரெக்கார்டரை ஓடவிட்டாள். வசனத் தாள் மூன்று பக்கம். ஓய்வு பெற்ற தலைமை ஆசிரியர் பேசும் பதினேழு வரிகளுக்குக் கீழே மட்டும் சிவப்புக் கோடு. அவரைப் பார்க்க வரும் பழைய மாணவனின் வரிகள் பவானியின் பொறுப்பு. பதினான்கு வயதிலிருந்து அவளுக்கு இந்த வேலைதான். அப்பாவுக்கு எதிரே உட்கார்ந்து போலீஸ்காரராக, வில்லனாக, கதாநாயகியின் அம்மாவாகப் படித்திருக்கிறாள். எல்லோரையும் ஒரே குரலில்தான் படிப்பாள். அவருக்கு அது பிடிக்கும்.

பிரேம்நாத் சட்டைப்பையிலிருந்து பழுப்பு ஃபிரேம் போட்ட கண்ணாடியை எடுத்து மாட்டிக்கொண்டார். இரவல் கண்ணாடி.

“அது உங்க பவர் இல்லப்பா. தலை வலிக்கும்.”

“வலிக்கட்டும். இதைப் போட்டா எதிர்ல இருக்கறவன் மூஞ்சி தெரியல. காதைத் தீட்டிக் கேட்டாத்தான் பதில் சொல்ல முடியுது. அப்பத்தான் அந்த வாத்தியார் கொரலு வருது.”

அடுப்படியிலிருந்து கனகாம்பாள் சொன்னாள்: “நாப்பது வருசமா நான் பேசுனதை ஒரு நாள் காதைத் தீட்டிக் கேட்டிருப்பீங்களா? தெரிஞ்சிருந்தா கல்யாணத்தன்னிக்கே ஒரு கண்ணாடி வாங்கி மாட்டியிருப்பேன்.”

“பாரு, அதுவும் ரெக்கார்டுல ஏறிடுச்சு,” என்றார் அவர்.

பவானி படித்தாள். மாணவன் இப்போது பெரிய ஆள். வாத்தியாரைத் தன் புது வீட்டுக்கு அழைத்துப்போக வந்திருக்கிறான். இரண்டு வரி போனதும் பிரேம்நாத் கையை உயர்த்தினார்.

“நடிக்காத மா.”

“நான் நடிக்கலையே.”

“கடைசில கொஞ்சம் எரக்கம் வந்துச்சு. ஜெனரேட்டர் புஸ்தகம் படிக்கிற மாதிரி படி. நீ அழுதா நானும் உன்னைப் பாத்து அழுதுருவேன். வாத்தியார் அழறவர் இல்ல.”

மூன்று முறை படித்தார்கள். மூன்று முறையும் கடைசி வரி வந்ததும் அவர் “ம்ம்” என்று தொண்டைக்குள் சொல்லிவிட்டுத் தாளை மடித்தார். அந்த வரி இதுதான்: மாணவன் வெளியே போகும்போது கதவை இழுத்துச் சாத்தப் பார்க்கிறான். வாத்தியார் சொல்கிறார், “கதவைச் சாத்தாதே. காற்று வரட்டும்.”

கடைசி வரியை வீட்டில் சொல்லக் கூடாது என்பது அவர் வைத்திருந்த சட்டம். ஆரம்ப காலத்தில் ஒரு முறை சொல்லிவிட்டாராம், அந்தப் படம் பாதியில் நின்றுபோயிற்று. அன்றிலிருந்து எந்தக் காட்சியானாலும் அதன் கடைசி வரி கேமராவுக்குத்தான்.

“இதுக்கு எதுக்குப்பா அந்தச் சட்டம்? புதன்கிழமையே கேமரா முன்னாடி சொல்லியாச்சே. இது டப்பிங்தானே?”

“கேமராவுல சொன்னேன். மைக்குல ஏறலையே. அப்ப சொன்ன மாதிரி ஆகுமா?”

“அப்ப எப்ப சொல்வீங்க?”

“செவ்வாக்கெழம பத்து மணிக்கு.”

பவானி ரெக்கார்டரை நிறுத்தினாள். அவர் கண்ணாடியைக் கழற்றி, மூக்கைத் தேய்த்து, சாப்பிட என்ன இருக்கிறது என்று கேட்டார்.

மறுநாள் காலை கீழே டீக்கடையில் லபெயே குடித்துக்கொண்டிருந்தார். கோப்பையை மேசையில் வைத்துவிட்டு, எதிரில் இருந்தவரிடம் “ஒரு நிமிஷம்” என்று சொன்னாராம். அவ்வளவுதான். வயது அறுபத்தெட்டு. பவானி நான்கு மாடி இறங்கி வருவதற்குள் முடிந்துவிட்டது.

*

பிரேம்நாத் போட்டாதாங்கில் பிறந்தவர். தாத்தா துறைமுகத்தில் மூட்டை தூக்க வந்தவர், அப்பா அதே துறைமுகத்தில் மூட்டை எண்ணியவர். பிரேம்நாத்தும் கிடங்கில் எண்ணிக்கைக் குமாஸ்தாவாகத்தான் சேர்ந்தார். 1981-இல் ஸ்ட்ராண்ட் சாலைக் கிடங்கில் ஒரு படம் எடுக்க வந்தார்கள். வாட்ச்மேனாக நடிக்க வேண்டியவருக்குக் காய்ச்சல். டைரக்டர் சுற்றும் முற்றும் பார்த்துவிட்டு, கையில் அட்டையோடு நின்றிருந்த இருபத்தைந்து வயதுக்காரரைக் கூப்பிட்டார். ஒரே ஒரு வரி. உள்ளே போகக் கூடாது.

அவர் சொன்னார். டைரக்டர் முகம் சுளித்தார்.

“எங்கே படித்தாய்?”

“இங்கேதான், முனிசிபல் பள்ளிக்கூடத்தில்.”

“அதை மறந்துவிட்டுச் சொல்.”

பிரேம்நாத்துக்கு முதலில் புரியவில்லை. பிறகு புரிந்தது. அவருடைய பர்மீஸ் வேறு யாருடைய பர்மீஸையும்போல் இருந்தது. படத்துக்கு வேண்டியது இந்தியக்காரரின் உடைந்த பர்மீஸ். அப்படிப் பேசுகிறவர் அவருக்குத் தெரிந்து ஒரே ஒருவர்தான், கப்பல் ஆபீசில் பியூனாக இருந்த அப்துல் பாரி. அறுபது வயதில், ஊரிலிருந்து வந்து நாற்பது வருடமாகியும், நாக்கை மட்டும் கடற்கரையிலேயே விட்டுவிட்டு வந்தவர். பிரேம்நாத் அவருடைய குரலை எடுத்து அந்த வரியில் வைத்தார். யூனிட் முழுதும் சிரித்தது. டைரக்டர், “இதுதான்,” என்றார்.

அப்துல் பாரி தியேட்டரில் படம் பார்த்துவிட்டு நேரே கிடங்குக்கு வந்தார்.

“ஏன்டா, நான் இவ்வளவு கேவலமாவா பேசறேன்?”

“கொஞ்சம் கூட்டித்தான் பேசினேன் பாய்.”

“கூட்டவே இல்ல. அதான்டா எனக்கு வருத்தம்.”

அந்த ஒரு நாக்கை வைத்துக்கொண்டு பிரேம்நாத் நாற்பத்து மூன்று வருடம் நடித்தார். அப்படிப் பேசியவர்கள் எல்லாரும் காலமாகிவிட்டார்கள். கடைசி இருபது வருடம் அந்தப் பேச்சு ஊரில் எங்கும் கிடையாது, பிரேம்நாத்தின் வாயில் மட்டும்தான் இருந்தது. படத்துக்குப் படம் வேஷம் மாறும். வாட்ச்மேன், பால்காரர், பிரியாணிக் கடை முதலாளி, வட்டிக்காரர், ஜோசியர், டாக்டர். டாக்டருக்கு மட்டும் உடைசல் கொஞ்சம் குறைவு. டைட்டிலில் முதலில் கோ பியே என்று பெயர் போட்டார்கள். இளையவருக்குக் கோ, பெரியவருக்கு ஊ; தலை நரைத்ததும் ஒரு படத்தில் தானாகவே ஊ பியே ஆகிவிட்டார். பிரேம்நாத் என்ற பெயர் திரையில் வந்ததே இல்லை.

வீடியோப் படங்கள் பெருத்த காலத்தில் குமாஸ்தா வேலையை விட்டார். ஏழு நாளில் ஒரு படம் முடியும், மாதத்துக்கு இரண்டு. சின்ன நடிகர்கள் சட்டை செருப்பெல்லாம் தங்கள் வீட்டிலிருந்துதான் கொண்டுபோக வேண்டும். இன்று எடுத்த காட்சியின் மறுபாதி நான்கு நாள் கழித்து எடுக்கப்படும், அப்போது சட்டை மாறியிருக்கக் கூடாது. கிடங்குப் பழக்கம் அங்கே கைகொடுத்தது. ஒவ்வொரு வேஷத்துக்கும் நோட்டில் ஒரு பக்கம். என்ன சட்டை, எத்தனை பட்டன் போட்டது, லுங்கி முடிச்சு எந்தப் பக்கம், கையில் கடிகாரம் உண்டா. அடியில் பேச வேண்டிய வரிகள், பர்மீஸ் வசனம் தமிழ் எழுத்தில். படம் முடிந்ததும் பக்கத்துக்குக் குறுக்கே ஒரு கோடு. எடிட்டர்களுக்கு அவரைப் பிடிக்கும். எத்தனை முறை எடுத்தாலும் ஒரு வரியை ஒரே அளவு நேரத்தில் சொல்வார். மூட்டை எண்ணின வாய், தவறாது.

முகம் எல்லோருக்கும் தெரியும், பெயர் யாருக்கும் தெரியாது. பஸ்ஸில் ஒரு அம்மாள் வெகுநேரம் பார்த்துவிட்டு, “டாக்டர், என் முழங்கால்...” என்று ஆரம்பித்தாள். அவர் மறுக்கவில்லை. எங்கே வலிக்கிறது, எப்போது வலிக்கிறது என்று விசாரித்து, வெந்நீர் ஒத்தடம் கொடுக்கச் சொன்னார். வீட்டில் இதைக் கேட்ட கனகாம்பாள், “எனக்கும் முழங்கால் வலிதான், டோக்கன் எங்க போடணும்?” என்றாள்.

பவானிக்கு இந்தச் சிரிப்பெல்லாம் பிற்பாடு வந்தது. பன்னிரண்டு வயதில் அவளுக்கு அது சிரிப்பாக இல்லை. வகுப்பில் அவள் எழுந்து பதில் சொன்னால் பின்வரிசையிலிருந்து அப்பாவின் வசனம் வரும், அதே உடைந்த பர்மீஸில். பரிசளிப்பு நாளுக்கு முந்தின சாயங்காலம் அவள் சொன்னாள், “அப்பா, நாளைக்கு நீங்க வர வேணாம். அம்மா மட்டும் வரட்டும்.” பிரேம்நாத் ஏன் என்று கேட்கவில்லை. மறுநாள் அவர் பள்ளிக்கூடத்துக்கு எதிரே டீக்கடையில் உட்கார்ந்திருந்ததாகக் கனகாம்பாள் பல வருடம் கழித்துத்தான் சொன்னாள். அன்று வீட்டுக்கு வந்ததும் அவர் கேட்டது ஒன்றே ஒன்று.

“எந்தப் பாடத்துக்கு மா?”

“கணக்கு.”

“நல்லது.”

இரண்டு வருடம் கழித்து ஒரு நாள், வசனம் படித்துக் காட்ட கனகாம்பாளால் முடியவில்லை. எந்தச் சோகக் காட்சியானாலும் மூன்றாவது வரியில் சிரித்துவிடுவாள். பவானி தாளை வாங்கிக்கொண்டு எதிரே உட்கார்ந்தாள். அப்படித்தான் அது தொடங்கியது. பிறகு அவள் எலக்ட்ரிகல் எஞ்சினியரிங் முடித்து, ஜெனரேட்டர் வாடகைக்கு விடும் கம்பெனியில் வேலைக்குச் சேர்ந்தாள். படிப்பது நிற்கவில்லை.

*

போன வருடக் கடைசியில் கோ நியி என்ற டைரக்டர் வீட்டுக்கு வந்தார். முப்பது வயதிருக்கும். டிவி தொடர், அதில் ஒரு தலைமை ஆசிரியர், மூன்று அத்தியாயங்களில் வருவார், முக்கியமான காட்சி ஒன்று.

பிரேம்நாத் நோட்டை எடுத்தார். “எவ்வளவு உடைக்கணும்?”

“எதை?”

“பேச்சை.”

“உடைக்க வேண்டாம். சாதாரணமாகப் பேசுங்கள்.”

“சாதாரணம்னா?”

“இப்போது என்னிடம் பேசுகிறீர்களே, அது.”

கோ நியி போன பிறகு பிரேம்நாத் நோட்டில் உடை விவரம் எதுவும் எழுதாமல் அதை மூடி வைத்தார். பிறகு பவானியிடம் சொன்னார்: “வேற யார் கொரலையாவது எடுத்து வச்சுக்கிட்டுப் பேசிருவேன். என்னோடதை எங்கேருந்து எடுக்கறதுன்னு தெரியல.”

அதற்காகத்தான் ஆற்றின் அக்கரைக்குப் போனார். க்யிம்யிண்டைங் படகுத்துறையிலிருந்து கால்மணி நேரம். பவானி படித்த பள்ளியின் தலைமை ஆசிரியர் ஊ சான் லிங் எண்பத்தொரு வயதில் அங்கே மகள் வீட்டில் இருந்தார். பர்மீஸில் வாத்தியாரைச் சொல்வதுபோல், வீட்டில் எல்லாருக்கும் அவர் ஸயா. பிரேம்நாத் ஒரு பகல் முழுதும் அவர் எதிரே உட்கார்ந்துவிட்டு, திரும்பும்போது அவருடைய தூரப்பார்வைக் கண்ணாடியைக் கேட்டு வாங்கி வந்தார். “ஒரு வாரத்தில் கொடுத்துவிடு,” என்றாராம் அவர். “அது இல்லாவிட்டால் டிவி தெரியாது. நீ நடிப்பதை நான் எதை வைத்துப் பார்ப்பது?”

ஒரு வாரம் மூன்று வாரம் ஆயிற்று. டப்பிங் முடிந்ததும் கொடுக்கலாம் என்று பிரேம்நாத் தள்ளிப்போட்டார். டப்பிங் தேவைப்பட்டதற்குக் காரணம் பவானி.

புதன்கிழமை படப்பிடிப்பு அலோனில், ஒரு பழைய மரவீட்டில். யூனிட்டின் ஜெனரேட்டர் பழுது. பிரேம்நாத் பெருமையோடு, “எம் மக கம்பெனில இருக்கு,” என்று சொல்லிவிட்டார். பவானி பதினைந்து கேவிஏ இயந்திரத்தை லாரியில் ஏற்றிக்கொண்டு போனாள். ஐம்பது மீட்டர் கேபிள் வேறொரு இடத்துக்குப் போயிருந்தது. கையிலிருந்தது இருபது மீட்டர். இயந்திரத்தை வீட்டின் பின்பக்கம், அடுப்படி ஜன்னலுக்கு நேராக நிறுத்தினாள்.

பிரேம்நாத் வந்து பார்த்தார். “இன்னும் கொஞ்சம் தள்ளி வச்சா நல்லாருக்கும் மா. சத்தம் வரும்.”

“தள்ளி வச்சா வோல்ட்டேஜ் விழும்பா.”

அவர் தலையாட்டிவிட்டுப் போனார். மகள் படித்தவள்.

ஐம்பது மீட்டருக்கு விழுந்திருக்கக் கூடியது நாலரை வோல்ட். இரண்டு சதவீதம். எந்த விளக்கும் அதைக் கண்டுகொண்டிருக்காது. அது பவானிக்கு அப்போதே தெரியும். அவளுக்கு மதியம் வேறொரு இடத்தில் வேலை இருந்தது, நீளக் கேபிளுக்காகக் காத்திருக்கப் பொறுமை இல்லை. உண்மை அதுதான். காட்சி முழுதும் அப்பாவின் குரலுக்கு அடியில் ஜெனரேட்டர் ஓடியது. கேட்டுப் பார்த்த கோ நியி, பரவாயில்லை, டப்பிங்கில் சரி செய்துகொள்ளலாம், செவ்வாய்க்கிழமை வாருங்கள் என்றார்.

செவ்வாய்க்கிழமைக்கு மூன்று நாள் முன்னால் அவரை எரித்துவிட்டு வந்தார்கள்.

*

ஐந்தாம் நாள் கோ நியி ஃபோன் செய்தார். முதலில் வெகுநேரம் வருத்தம் சொன்னார். அது பொய்யில்லை என்று பவானிக்குத் தெரிந்தது. பிறகு சொன்னார், மூன்று வாரத்தில் ஒளிபரப்பு, குரல் கொடுப்பவர் ஒருவர் இருக்கிறார், நன்றாகச் செய்வார், குடும்பத்துக்குச் சம்மதமா?

“வேறு வேஷமாக இருந்தால் சம்மதம்,” என்றாள் பவானி. “மற்ற வேஷத்திலெல்லாம் இருந்தது அவர் குரலே இல்லை. இது ஒன்றுதான். எனக்குப் பத்து நாள் கொடுங்கள்.”

“பத்து நாளில் என்ன செய்வீர்கள்?”

“அவருடைய குரல் என்னிடம் இருக்கிறது.”

கோ நியி, மாணவனாக நடித்தவரின் டப்பிங்கோடு, படத்தின் நகலை அனுப்பினார். கரெண்ட் இருக்கும் நாலு மணி நேரங்களில் பவானி லேப்டாப்பில் உட்கார்ந்தாள். ஒரு பக்கம் புதன்கிழமைக் காட்சி, ஒரு பக்கம் வெள்ளிக்கிழமை ஒத்திகை. அப்பாவின் வாயசைவும் ஃபோனிலிருந்த குரலும். முதல் வரி கேமராவில் மூன்று புள்ளி நாலு விநாடி, ஃபோனில் மூன்று புள்ளி ஐந்து. இரண்டாவது வரியில் வித்தியாசமே இல்லை. எடிட்டர்கள் சொன்னது சரிதான். அவள் மூச்சுக்கு மூச்சு வெட்டி ஒட்டினாள். அம்மாவின் கல்யாணக் கண்ணாடிப் பேச்சை வெட்டி எடுத்துத் தனியாகச் சேமித்தாள். அழவில்லை. அழுதால் வாயசைவு தெரியாது.

கேட்டு வாங்கிய பத்து நாளில் ஏழாம் நாள் பதினாறு வரியும் முடிந்தன. பதினேழாவது வரிக்கு வந்தாள். ஃபோனில் “ம்ம்” என்று இருந்தது.

அவளுக்குத் தெரியாததில்லை. இருபது வருடமாகக் கேட்ட “ம்ம்” அது. அன்றைக்கு அதைப் பற்றி வாக்குவாதம்கூட செய்தாள். ஆனாலும் பத்து நாள் கேட்டபோது அது நினைவில் இல்லை. குரல் இருக்கிறது என்பது மட்டும்தான் நினைவில் இருந்தது. பழைய ஒத்திகைகள் எல்லாவற்றையும் திறந்து பார்த்தாள். நூற்றுக்கு மேல் இருந்தன. எல்லாம் “ம்ம்” என்று முடிந்தன.

படப்பிடிப்பில் பதிந்த கடைசி வரியைத் தனியாக எடுத்துக் கேட்டாள். கதவருகே போய்விட்டவனிடம் சொல்வதால் அப்பா குரலைக் கொஞ்சம் உயர்த்தியிருந்தார். ஜெனரேட்டருக்கு மேலே வார்த்தைகள் தெளிவாகத்தான் கேட்டன. இயந்திரத்தின் ஓசையை வடிகட்டிப் பார்த்தாள். ஓசை போனால் குரலின் அடித்தளமும் கூடவே போயிற்று, தகர டப்பாவுக்குள்ளிருந்து பேசுவதுபோல் ஆயிற்று. இரண்டும் ஒரே இடத்தில் இருந்தன, பிரிக்க முடியவில்லை. பிரிக்காமல் வைத்தால், பதினாறு வரி அமைதியாகப் போய்க்கொண்டிருந்த வீட்டில் திடீரென்று ஒரு ஜெனரேட்டர் முளைக்கும்.

இரண்டு நாள் அதிலேயே போயிற்று. ஒன்பதாம் நாள் சாயங்காலம் அவள் அதே இடத்தைத் திரும்பத் திரும்பக் கேட்டுக்கொண்டிருக்கும்போது கரெண்ட் போயிற்று. தெருவில் ஒரு முனகல். அடுப்படியில் கனகாம்பாள் வழக்கம்போல் பால்கனிப் பக்கம் திரும்பி, “மீ ப்யெட்பீ!” என்று கத்தினாள், போனது வேறு யாருக்கும் தெரியாததுபோல. இரண்டு நிமிடத்தில் கீழே தையல் கடையின் ஜெனரேட்டர் திணறிப் புறப்பட்டது.

பவானி நிமிர்ந்து உட்கார்ந்தாள். பிறகு லேப்டாப்பை இழுத்து, கடைசி ஷாட்டைப் பார்த்தாள். சீலிங் ஃபேன் அதில் இல்லை. விளக்கு எதுவும் இல்லை. கதவு, மாணவனின் முதுகு, அப்பாவின் பாதி முகம். மூன்று முறை பார்த்தாள். இல்லை.

“அம்மா, இப்ப கத்துனியே, அதை மறுபடி கத்து.”

“எதுக்கு?”

“படத்துக்கு.”

கனகாம்பாள் சேலை முந்தானையில் கையைத் துடைத்தாள். “அந்த மனுசன் கூப்பிட்ட காலத்துல போகாத நான் இப்ப போறேனா?”

“எங்கயும் போக வேணாம். இங்கயே நின்னு கத்து.”

அவள் கத்தினாள். முதல் முறை சரியாக வரவில்லை, குரல் பிசிறியது. “இரு,” என்று சொல்லி, தண்ணீர் குடித்துவிட்டு மறுபடி கத்தினாள். எதிர்க் கட்டடத்திலிருந்து யாரோ, “தெரியும், எங்களுக்கும்தான்!” என்று பதில் கத்தினார்கள். அதுவும் பதிந்தது.

மறுநாள் காலை பவானி கம்பெனிக் கொட்டகைக்குப் போனாள். அதே பதினைந்து கேவிஏ இயந்திரம் மூலையில் நின்றது. எண்ணைச் சரிபார்த்தாள். ஃபோனை இருபது மீட்டர் தூரத்தில் ஒரு டிரம்மின் மேல் வைத்துவிட்டு வந்து, சாவியைத் திருப்பினாள். இயந்திரம் இரண்டு முறை இருமிவிட்டு ஓடத் தொடங்கியது. ஓட்டம் நிலைப்பட்டு அப்பாவின் வரிக்கு அடியில் இருந்த அதே ஓசை வரும்வரை பக்கத்திலேயே நின்றாள்.

போட்டாதாங்கில் ஒரு சந்துக்குள் இருந்தது டப்பிங் ஸ்டூடியோ. பவானி கொண்டுவந்ததைக் கோ நியி கண்ணை மூடிக்கொண்டு கேட்டார். அமைதியான வீடு. வாத்தியாரும் மாணவனும் பேசுகிறார்கள். பேச்சு முடிகிறது. மாணவன் எழுந்து கதவுப் பக்கம் நடக்கிறான். எங்கோ மாடியிலிருந்து ஒரு பெண், “மீ ப்யெட்பீ!” தூரத்தில் இன்னொரு குரல், தெரியும் என்கிறது. பக்கத்தில் ஒரு ஜெனரேட்டர் இருமி, ஓடத் தொடங்குகிறது. மாணவன் கதவை இழுக்கிறான். அந்த ஓசைக்கு மேலே வாத்தியார் குரலை உயர்த்திச் சொல்கிறார், கதவைச் சாத்தாதே, காற்று வரட்டும்.

கோ நியி கண்ணைத் திறந்தார். “ஃபேன் நின்றுவிட்டது, அதனால் காற்று கேட்கிறார்.”

“ஆமாம்.”

“என் வசனத்தில் இது இல்லையே.”

“உங்கள் வசனத்தில் கரெண்ட் எப்போதும் இருக்கிறது,” என்றாள் பவானி.

அவர் சிரித்துவிட்டார். பிறகு, “அந்த ஜெனரேட்டர் ஓசை அசல்போலவே இருக்கிறதே, எங்கே பிடித்தீர்கள்?” என்று கேட்டார்.

“அதே மெஷின்தான். அன்றைக்கு அதைத் தள்ளி வைக்கச் சொன்னார். வோல்ட்டேஜ் விழும் என்று சொன்னேன். விழாது.”

கோ நியி மேசைமேலிருந்த ஒரு பொத்தானை அழுத்தி அந்த வரியை மறுபடி ஓடவிட்டார். “டைட்டிலில் ஊ பியே என்றே போடட்டுமா?” என்று கடைசியில் கேட்டார்.

“ஊ பிரேம்நாத் என்று போடுங்கள்.”

ஒளிபரப்பு ஞாயிறு சாயங்காலம் ஏழு மணி என்று தேதி சொன்னார்கள். அந்த நேரம் தங்கள் தெருவில் கரெண்ட் முறை உண்டா என்று பவானி பார்த்தாள். இல்லை. பேட்டரியை முழுதாகச் சார்ஜ் செய்து வைத்தாள்.

*

சனிக்கிழமை காலை அவள் அப்பாவின் நோட்டுகளை எடுத்தாள். பதினோரு நோட்டு. இருநூற்றுப் பன்னிரண்டு வேஷம். அதில் ஒன்பது பேருக்குத்தான் கதையில் பெயர் இருந்தது, மற்றவர்கள் வாட்ச்மேன், கடைக்காரர், டாக்டர். எல்லாப் பக்கங்களிலும் குறுக்குக் கோடு விழுந்திருந்தது, கடைசிப் பக்கத்தைத் தவிர. அந்தப் பக்கத்திலும் கோட்டைப் போட்டுவிடலாம் என்றுதான் பேனாவோடு உட்கார்ந்தாள்.

தலைமை ஆசிரியர். வெள்ளைச் சட்டை, மேல் பட்டன் போட்டது. பழுப்பு லுங்கி. கடிகாரம் இல்லை. கண்ணாடி, ஸயாவுடையது. கீழே பதினேழு வரிகள். அதற்கும் கீழே பென்சிலில் சிறிய எழுத்தில், வெள்ளிக்கிழமை எழுதியதாக இருக்க வேண்டும்:

செவ்வாய் 10 மணி டப்பிங். முடிந்ததும் படகு. ஸயாவிடம் கண்ணாடி கொடுக்க. பவானியை லீவு போடச் சொல்ல.

லீவு பற்றி அவர் அவளிடம் எதுவும் சொல்லியிருக்கவில்லை. மறுநாள் சனிக்கிழமை சொல்லலாம் என்று இருந்திருப்பார்.

கண்ணாடி அவருடைய படத்துக்குப் பக்கத்தில் அலமாரியில் இருந்தது. யாரோ அதற்கும் சேர்த்துப் பொட்டு வைத்திருந்தார்கள். பவானி எடுத்துக் குங்குமத்தைத் துடைத்தாள். இடது கீல் ஆடியது. கருவிப் பையிலிருந்து மிகச் சிறிய திருப்புளியை எடுத்து அரைச் சுற்று முறுக்கினாள்.

கனகாம்பாள் வாசலில் நின்று பார்த்துக்கொண்டிருந்தாள். “அது அந்த ஸயாவோடதுல்ல? நாளைக்கு ஏழு மணிக்கு அவர் எதைப் போட்டுப் பாப்பாரு?”

பவானி பேனாவை மூடி, கண்ணாடியைக் கைப்பையில் வைத்தாள். பக்கத்தின் குறுக்கே கோடு போடவில்லை.